எறிந்த பொருட்களை நடக்க வைப்பது எப்படி: வன்னியிலிருந்து ஒரு ஸ்டொப் மோஷன் வழிகாட்டி

தொண்ணூறுகளில் இலங்கையின் வடக்கே வன்னியில் வளர்ந்தவர்களுக்கு ஜாம் போத்தல் விளக்கு நினைவிருக்கும். போர்க்காலப் பொருளாதாரத் தடையால் மண்ணெண்ணெய் பொன்னாகிப்போன காலம். வெறும் ஜாம் போத்தலின் அடியில் கொஞ்சம் பஞ்சு, பஞ்சு நனையும் அளவுக்கு எண்ணெய், ஒரு நூல் திரி. அந்த வெளிச்சத்தில்தான் நான் எழுத்துக் கூட்டி வாசித்தேன். போத்தல் கைதவறி விழுந்தால் முதுகில் அடி விழும். இன்று அதே வளவின் வேலியோரத்தில் யோகட் கோப்பைகள் மழைத்தண்ணீர் நிறைந்து கிடக்கின்றன. ஒவ்வொன்றும் ஒருவருடைய கையில் பத்து நிமிடம் இருந்திருக்கும்.

அந்தப் போத்தலையும் இந்தக் கோப்பையையும் ஒரே மேசையில் வைத்துப் பார்க்க வேண்டும் என்ற ஆசையில்தான் நான் அனிமேஷன் படம் எடுக்கத் தொடங்கினேன். கமரா தெரியாது, கணினி தெரியாது. தெரிந்தது ஒன்றுதான்: எந்தப் பொருளும் தானாகக் குப்பையாவதில்லை, ஒரு கை அதை விடுகிற கணத்தில்தான் குப்பையாகிறது. அந்தக் கணத்தை மெதுவாக்கிக் காட்ட ஸ்டொப் மோஷனைவிடப் பொருத்தமான வழி எனக்குத் தெரியவில்லை. பொருளைச் சற்று நகர்த்துகிறோம், ஒரு புகைப்படம் எடுக்கிறோம், மறுபடி நகர்த்துகிறோம். எல்லாவற்றையும் வேகமாக ஓடவிட்டால் பொருள் தானே நடக்கிறது. ஒரே மூடியை நூறு தடவை தொட்டு நகர்த்தியவர் அதைப் பிறகு எளிதில் எறிய மாட்டார். பாடசாலைப் பிள்ளைகளோடு வேலை செய்தபோது இதை நான் கண்ணால் கண்டிருக்கிறேன்.

கைபேசி ஒன்று வைத்திருக்கும் எவரும் தொடங்கலாம். நான் செய்கிற ஒழுங்கிலேயே சொல்கிறேன்.

முதலில், ஒரு கிழமைக் குப்பையைப் படியுங்கள்

கதை எழுத உட்காராதீர்கள். வீட்டில் ஒரு உரப்பையைத் தொங்கவிட்டு, ஏழு நாட்களுக்கு உணவுக் கழிவு தவிர எறியப்படும் எல்லாவற்றையும் கழுவி அதற்குள் போடுங்கள். எட்டாம் நாள் முற்றத்தில் பாய் விரித்துக் கொட்டி, வகை வகையாக அடுக்குங்கள். பால்மா உறை, பிஸ்கட் உறை, சவர்க்காரப் பெட்டி, மீன் ரின், மருந்து அட்டை, சொப்பிங் பை. ஒவ்வொரு வகைக்கும் பக்கத்தில் ஒரு துண்டுக் காகிதத்தில் இரண்டு விடயம் எழுதுங்கள்: எத்தனை, ஒவ்வொன்றும் கையில் எவ்வளவு நேரம் இருந்தது. எங்கள் வீட்டில் முதன்முதலாக இதைச் செய்தபோது பெரிய போத்தல்கள்தான் அதிகம் இருக்கும் என்று நினைத்திருந்தேன். பாயில் பாதிக்கு மேல் இடம் பிடித்தவை உள்ளங்கை அளவு உறைகள்.

இந்தக் குவியலில் சட்டமும் கிடக்கும். 20 மைக்ரோன் அல்லது அதற்குக் குறைந்த தடிப்புள்ள பொலித்தீனும் சோற்றுப் பார்சல் சுற்றும் லஞ்ச் சீற்றும் 2017 செப்டெம்பரில் தடை செய்யப்பட்டன. உணவும் மருந்தும் தவிர்ந்த, 20 மில்லிலீற்றர் அல்லது அதற்குக் குறைந்த சிறு பைக்கற்றுகள் 2021 மார்ச் முடிவில் தடைக்குள் வந்தன. உறிஞ்சுகுழாய், பிளாஸ்டிக் கரண்டி, கோப்பை, பிளாஸ்டிக் பூமாலை, பிளாஸ்டிக் இடியப்பத் தட்டு ஆகியவை 2023 ஒக்டோபர் 1 முதல் தடை செய்யப்பட்டன. யோகட் கோப்பைக்கு மட்டும் அதில் விலக்கு. உங்கள் பாயில் தடை செய்யப்பட்ட பொருள் ஒன்று கிடந்தால் அதைத் தனியே எடுத்து வையுங்கள். தடைக்குப் பிறகும் அது உங்கள் வீட்டுக்கு வந்த பாதை ஒரு நல்ல கதை.

சேகரிக்கும்போது

வீட்டுக் குவியல் போதாது என்றால் வெளியே போகலாம். ஏ9 வீதியோரம், சந்தை, பாடசாலைச் சிற்றுண்டிச்சாலை, குளக்கட்டு. முறிகண்டிப் பிள்ளையாரிடம் இறங்கித் தேங்காய் அடித்து, கச்சான் கடலை வாங்காமல் போகிறவர் யார்? நான் சிறுவனாக இருந்தபோது அது காகிதச் சரையில் வரும். சரையைப் பிரித்து, உப்புக் கறை படிந்த பழைய செய்தியைப் பஸ்ஸில் இருந்தே வாசித்துக்கொண்டு போவோம். இப்போது பெரும்பாலும் பொலித்தீன் பை. இரண்டையும் பக்கத்தில் வைத்தாலே ஒரு காட்சி கிடைத்துவிடும்.

ஆனால் வன்னியில் பொருள் பொறுக்குவது மற்ற இடங்களைப் போன்றதல்ல. இங்கே கண்ணிவெடி அகற்றும் வேலை இன்னும் முடியவில்லை. காட்டோரம், கைவிடப்பட்ட வளவு, பழைய பதுங்குகுழி, மண் அணை, மண்டையோட்டுச் சின்னம் போட்ட சிவப்புப் பலகை இருக்கும் இடம், இவற்றுக்குள் எந்தக் காரணத்துக்காகவும் போகாதீர்கள். மண்ணில் பாதி புதைந்த உலோகப் பொருள் என்னவென்று தெரியாவிட்டால் தொடாதீர்கள், உதைக்காதீர்கள், பிள்ளைகளைக் கிட்டே விடாதீர்கள். இடத்தை நினைவில் வைத்துக்கொண்டு வந்த வழியே திரும்பிப் பொலிசுக்கோ கிராம அலுவலருக்கோ சொல்லுங்கள். பிள்ளைகளோடு சேர்ந்து செய்யும்போது எனக்கு ஒரே சட்டம்தான்: வீடு, கடை, தார் வீதி. இவற்றுக்கு அப்பால் பொறுக்குவதில்லை.

பூச்சிகொல்லி, களைநாசினிப் போத்தல்களை எடுக்கவே வேண்டாம். எத்தனை முறை கழுவினாலும் நான் அவற்றை மேசைக்குக் கொண்டுவர மாட்டேன். பழைய பற்றரி, உடைந்த மின்குமிழ், ஊசி ஆகியவையும் அப்படியே. மற்றவற்றைக் கையுறை போட்டு எடுத்து, சவர்க்காரத் தண்ணீரில் ஊறவைத்துக் கழுவி, வெயிலில் காயவிடுங்கள். வயல் பக்கத்தில் எலிக்காய்ச்சல் இருக்கிறது. கையில் காயம் உள்ளவர் இந்த வேலையை இன்னொருவரிடம் விட்டுவிடட்டும்.

படத்துக்கென்று எதையும் புதிதாக வாங்குவதில்லை என்ற விரதத்தையும் இங்கேயே எடுத்துக்கொள்ளுங்கள். கழிவைப் பற்றிய படம் தானே கழிவைக் கூட்டினால் நம் வாயில் வரும் சொல்லுக்கு மதிப்பில்லை.

கதை: ஒரு வரி, ஒரு மேசை

முதல் படம் 90 வினாடிக்கு மேல் வேண்டாம். வினாடிக்கு 12 பிரேம் போதும். அப்படியென்றால் 90 வினாடிக்கு 1080 புகைப்படங்கள். பழகாத கை மணிக்கு 30 பிரேம் எடுத்தால் 36 மணி நேரம். இந்தக் கணக்கைத் தொடக்கத்திலேயே போட்டுவிட்டால் நடுவில் சோர்ந்துபோக மாட்டீர்கள்.

எங்கள் மேசைப் படத்தின் கதை இதுதான். மேசை நடுவே ஒரு ஜாம் போத்தல். ஓரத்திலிருந்து ஒரு யோகட் கோப்பை வருகிறது, வெறுமையாகிறது, சரிந்து கிடக்கிறது. போத்தல் விளக்காகிறது. இன்னொரு கோப்பை வந்து விழுகிறது. போத்தலில் சீனி நிறைகிறது. மூன்று கோப்பைகள். சீனி போய் ஆணிகள் வருகின்றன. பத்துக் கோப்பைகள். கடைசியில் கோப்பைகள் குவிந்து போத்தல் முழுவதும் மறைந்துவிடுகிறது, ஆனால் அதற்குள் வைத்த சிறு எல்.ஈ.டி. விளக்கின் ஒளி வெள்ளைப் பிளாஸ்டிக்கின் ஊடாக மங்கலாகத் தெரிகிறது. வசனம் கிடையாது, எழுத்துக் கிடையாது.

‘பூமியைக் காப்போம்’ என்று கோப்பையின் வாயால் சொல்ல வைக்காதீர்கள். கண், மூக்கு ஒட்டி மனிதராக்கவும் வேண்டாம். நான் முதலில் அந்தப் பிழையைச் செய்தேன். கண் ஒட்டிய உடனே அது யோகட் கோப்பையாக இல்லாமல் ஒரு பொம்மையாகிவிட்டது. பார்த்தவர்கள் பொம்மைக்காக இரங்கினார்கள், கோப்பையை மறந்துவிட்டார்கள்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். சிறு பைக்கற் வாங்குகிறவர்களைக் குற்றவாளியாக்கும் கதை எழுதாதீர்கள். நாட்கூலியில் அடுப்பெரிக்கும் வீட்டுக்குச் சவர்க்காரத் தூளும் நாளுக்கு நாள்தான் வரும், பெரிய பைக்கற்றுக்குரிய காசு ஒரே நாளில் கையில் இருக்காது. 2021 மே 20 அன்று கொழும்புக்கு அப்பால் தீப்பற்றி, ஜூன் 2 அன்று மூழ்கத் தொடங்கிய எக்ஸ்பிரஸ் பேர்ள் கப்பலை நினைத்துப் பாருங்கள். அதிலிருந்த 1486 கொள்கலன்களில் பல பிளாஸ்டிக் மணிகளால் நிறைந்திருந்தன. உளுந்தம்பருப்பு அளவான வெள்ளை மணிகள் கரையெல்லாம் ஒதுங்கின. கோப்பையாகவோ பையாகவோ மாறுவதற்கு முன்பே, ஒரு வாடிக்கையாளரின் கையையும் தொடாமலே அவை குப்பையாகிவிட்டன. அவற்றை விட்ட கை எது? அந்தக் கையையும் உங்கள் கதையில் தேடுங்கள்.

மேசையும் வெளிச்சமும்

ஆட்டமில்லாத மேசை வேண்டும். ஒரு கால் ஆடினால் அட்டை மடித்து வையுங்கள். கைபேசியை நிறுத்த இரண்டு பெரிய போத்தல்களில் மணல் நிரப்பி, நடுவே கைபேசியை வைத்து, பழைய சைக்கிள் ரியூப்பை வளையமாக வெட்டி இறுக்கிக் கட்டுங்கள். மேலிருந்து எடுக்க வேண்டுமானால் இரண்டு பக்கமும் சம உயரத்துக்குக் கல் அடுக்கி, குறுக்கே பலகை போட்டு, கமராக் கண் மட்டும் வெளியே நீட்டும்படி கைபேசியை வையுங்கள்.

பகல் வெளிச்சத்தை நம்ப வேண்டாம். மேகம் ஒன்று போனாலும் படம் துடிக்கும். யன்னலைக் கறுப்புத் துணியால் மூடி, எல்.ஈ.டி. மின்குமிழ் ஒன்றைப் பக்கவாட்டில் வையுங்கள். மறுபக்கத்தில் வெள்ளை உரப்பையை விரித்துக் கட்டினால் நிழல் மென்மையாகும். பால்மாப் பைக்கற்றின் உட்புற வெள்ளி நல்ல கண்ணாடி போல வேலை செய்யும். பிளாஸ்டிக் அதிகம் பளபளத்தால் செம்மண் புழுதி தொட்ட துணியால் ஒருமுறை துடையுங்கள். பளபளப்பும் குறையும், ஊரின் நிறமும் வந்துவிடும்.

நம் மின்சாரம் 50 ஹேர்ட்ஸ். சில மின்குமிழ்களின் கீழ் கைபேசிப் படத்தில் கோடுகள் ஓடுவது அதனால்தான். கமராவில் கையால் மாற்றும் வசதி இருந்தால் ஷட்டர் வேகத்தை ஐம்பதில் ஒரு வினாடிக்கோ இருபத்தைந்தில் ஒரு வினாடிக்கோ வையுங்கள். குவியம், வெளிச்சம், நிறச் சமநிலை மூன்றையும் பூட்டிவிடுங்கள். பல கைபேசிகளில் திரையை விரலால் அழுத்திப் பிடித்தால் முதல் இரண்டும் பூட்டும். வெள்ளைச் சட்டை போடாதீர்கள், உங்கள் அசைவு பொருளில் பிரதிபலிக்கும். நிற்கும் இடத்தைத் தரையில் சோக்கால் குறித்து, ஒவ்வொரு பிரேமுக்கும் அங்கேயே திரும்பி வந்து நில்லுங்கள். மின்விசிறி நிறுத்தப்பட வேண்டும். ஆனி, ஆடிச் சோளகத்தில் கதவிடுக்கு வழியே வருகிற காற்றே ஒரு பிஸ்கட் உறையைத் தூக்கிவிடும்.

செயலிக்கு ஸ்டொப் மோஷன் ஸ்டூடியோவின் இலவசப் பதிப்பு போதும். முந்தைய பிரேமை மங்கலாக மேலே காட்டும் வசதியை இயக்கி வைத்தால் எவ்வளவு நகர்த்தினோம் என்பது தெரியும். அதை ‘வெங்காயத் தோல்’ என்பார்கள். காதில் மாட்டும் ஒலிவாங்கி வயரின் சத்தக் கட்டுப்பாட்டுப் பொத்தான் பல கைபேசிகளில் கமராப் பொத்தானாகவும் வேலை செய்யும். கைபேசியைத் தொடாமலே எடுக்கலாம்.

நகர்த்துதல்

இதுதான் இந்தக் கலையின் உயிர். அவசரப்படாமல் ஒரு சோடா மூடியோடு தொடங்குங்கள்.

மூடி ஒரு வினாடியில் 24 சென்றிமீற்றர் போக வேண்டும் என்று வைத்துக்கொள்வோம். 12 பிரேம். ஒவ்வொரு தடவையும் 2 சென்றிமீற்றர் நகர்த்தினால் கணக்குச் சரி, ஆனால் மூடி செத்த பொருளாக வழுக்கிப் போகும். இப்படி நகர்த்திப் பாருங்கள்: 0.5, 1, 1.5, 2, 3, 4, 4, 3, 2, 1.5, 1, 0.5. கூட்டினால் அதே 24. இப்போது மூடி யோசித்துப் புறப்படுகிறது, விரைகிறது, தயங்கி நிற்கிறது. மேசையில் அளவுகோலை ஒட்டி, கமராவுக்குத் தெரியாத பக்கத்தில் இந்த இடங்களைப் பென்சிலால் குறித்துக்கொண்டால் கை பிழைக்காது. இந்த ஒரு பயிற்சியை ஒரு நாள் முழுக்கச் செய்தாலும் வீணில்லை.

அடுத்தது பாரம். மீன் ரின் புறப்பட நேரமெடுக்க வேண்டும், நிற்கவும் நேரமெடுக்க வேண்டும். செருப்பு முதலில் குதியைத் தூக்கும். உறை பாதையில் நேராகப் போகாது, சற்று எழும்பிப் பக்கவாட்டில் விழும். பொருளை மேசையில் வைப்பதற்கு முன் உள்ளங்கையில் வைத்துப் பாருங்கள், ஒருமுறை விழவிட்டுச் சத்தத்தைக் கேளுங்கள். அதன் நடை அதிலேயே இருக்கிறது. தாவவோ பறக்கவோ வேண்டிய பொருளைத் மீன்பிடிக்கும் தங்கூசி நைலோன் நூலால் மேலே கட்டலாம். கறுப்புப் பின்னணியில் தங்கூசி பளபளக்கும், நூலில் கரி தடவுங்கள். சரிந்தபடி நிற்க வேண்டிய பொருளுக்கு அடியில் ஒரு மிளகளவு தேன்மெழுகு போதும்.

பொலித்தீன் எல்லாரையும் அழவைக்கும் பொருள். நீங்கள் வைத்த மடிப்பில் அது நிற்காது. சொப்பிங் பைக்குள் கட்டுக்கம்பியை எலும்பு போல வளைத்து வைத்தால் சொன்னபடி கேட்கும். பிஸ்கட் உறை வேறு மாதிரி. அதை உள்ளங்கையில் வைத்து இறுகக் கசக்கி மேசையில் விட்டுவிட்டுக் கையைக் கட்டிக்கொண்டு பாருங்கள். முதலில் ஒன்றுமில்லை. பிறகு ஒரு மூலை மெல்ல நிமிரும். ஒரு சிறு ‘டிக்’ என்ற சத்தம். மடிப்புக்குள் இருந்து வெள்ளிப் பக்கம் எட்டிப் பார்க்கும், இன்னொரு மடிப்பு விடுபடும், ஒரு நிமிடத்துக்குள் உறை தானாகவே பாதி விரிந்துவிடும். அதைத் தொடாமல் இரண்டு வினாடிக்கு ஒரு பிரேம் எடுத்தேன். ஓடவிட்டபோது தாமரை மொட்டு அவிழ்வது போல இருந்தது. நாம் எறிந்த பிறகும் அது அசைந்துகொண்டிருக்கிறது என்பதை எந்தச் சொல்லாலும் நான் இவ்வளவு தெளிவாகச் சொல்லியிருக்க முடியாது.

போத்தல் நசுங்குவதைக் காட்ட ஒரே போத்தலை நசுக்கக் கூடாது, ஒரு பிழை விட்டால் திரும்ப முடியாது. ஒரே வகைப் போத்தல்கள் பன்னிரண்டு எடுத்து, ஒவ்வொன்றையும் சற்றுக் கூடுதலாக நசுக்கி வரிசைப்படுத்தி, பிரேமுக்கு ஒன்றாக மாற்றுங்கள். அடியில் முக்கோணத்துக்குள் 1 என்று போட்ட தண்ணீர்ப் போத்தல் ஏறத்தாழ 70 பாகை செல்சியஸில் இளகத் தொடங்கும். சுடுதண்ணீரில் இடுக்கியால் பிடித்து அமிழ்த்தினால் அது சுருங்குவதைப் படிப்படியாகப் பெறலாம். இதைப் பெரியவர்கள் செய்யட்டும். நெருப்பில் மட்டும் காட்டாதீர்கள். பிளாஸ்டிக் எரியும் புகை நஞ்சு.

ஒரு பொருள் கண்முன்னே இன்னொன்றாக மாறுவதுதான் அடுத்த வித்தை. இரண்டும் ஏறத்தாழ ஒரே அளவு, ஒரே உருவம், ஒரே இடம், இவை மூன்றும் சரியாக இருந்தால் கண் ஏமாறும். கச்சான் கோது நுரைப்பெட்டித் துண்டாகலாம், பனையோலை உமல் சொப்பிங் பையாகலாம், நீல மூடிகளை நெருக்கி அடுக்கினால் இரணைமடுக் குளம் அலையடிக்கும். பெஸ் என்ற பெயரில் படமெடுக்கும் அமெரிக்கக் கலைஞர் 2012இல் எடுத்த ஒரு சமையல் படம் இரண்டு நிமிடம்கூட ஓடாது, ஆனால் ஒஸ்கார் பரிந்துரை வரை போனது. அதில் வெண்ணெய்ப்பழத்துக்குப் பதிலாக ஒரு கைக்குண்டை இரண்டாக வெட்டுகிறார்கள். உலகம் சிரித்த இடம் அது. எனக்குச் சிரிப்பு வரவில்லை, கையைத்தான் பார்த்தேன். எந்தப் பொருள் எங்கே என்ன நினைவைக் கொண்டுவரும் என்பதை நம் பார்வையாளரை வைத்தே முடிவு செய்யுங்கள். உரப்பையில் மண் நிரப்பி அடுக்கும் காட்சி கொழும்பில் வெள்ளத் தடுப்பாகத் தெரியும், வன்னியின் புதுக்குடியிருப்பில் அது பதுங்குகுழி.

மனிதக் கையையும் ஒருமுறையாவது மேசைக்குக் கொண்டுவாருங்கள். முழங்கையை ஊன்றி, விரல்களைச் சற்றுச் சற்றாக விரித்து ஒவ்வொரு பிரேமாக எடுக்க வேண்டும். கோப்பையை விடும் அந்த ஒரு வினாடிக்கு நான் 12 பிரேம் எடுக்காமல் 40 எடுத்தேன். ஓடும்போது மூன்று வினாடிக்கு மேல் நீண்டது. விரல்கள் ஒவ்வொன்றாகப் பிரிகின்றன, கோப்பை இன்னும் சுண்டுவிரலில் ஒட்டிக்கொண்டிருக்கிறது, பிறகு விழுகிறது.

ஒரு காட்சியைத் தொடங்கினால் அன்றே முடித்துவிடுங்கள். இரவு மேசையில் விட்டுவைத்தால் பல்லி, பூனை, மின்வெட்டு எதுவும் நடக்கலாம்.

ஒலியும் தொகுப்பும்

தொகுக்க அதிகம் இல்லை. பிரேம்களை வரிசையில் வைத்து, தேவையற்றதை நீக்கி, ஒலியைச் சேர்க்க டாவின்சி ரிசோல்வ் மென்பொருளின் இலவசப் பதிப்பு போதும். பழைய கணினியில் அது ஓடாவிட்டால் செயலிக்குள்ளேயே முடித்துவிடலாம். எடுத்த எல்லா பிரேம்களையும் அன்றன்றே இன்னோர் இடத்தில் பிரதி எடுத்து வையுங்கள்.

ஒலியையும் அதே குவியலிலிருந்து எடுங்கள். பொலித்தீனை ஒலிவாங்கிக்கு அருகே மெல்லக் கசக்கினால் நெருப்பு எரிகிறது. அரிசியைத் தகரத்தில் மெதுவாகக் கொட்டினால் மழை. யோகட் கோப்பையின் விளிம்பை நகத்தால் சுரண்டினால் ஏதோ ஒரு சிறு பிராணி. நள்ளிரவுக்குப் பிறகு, நாய்கள் அடங்கிய நேரத்தில் பதிவு செய்யுங்கள். எங்கள் படத்தின் முடிவில் இசை இல்லை. ஒழுங்கையில் சைக்கிளில் வருகிற பழைய இரும்பு வியாபாரியின் குரல் மட்டும், அவரிடம் கேட்டு, அவர் சம்மதத்தோடு, தூரத்திலிருந்து கிட்டே வருகிறது. குரலோ முகமோ யாருடையதாக இருந்தாலும் கேட்டுத்தான் எடுக்க வேண்டும். குப்பை அள்ளும் பிரதேச சபைத் தொழிலாளரை ஒளிந்து நின்று படமெடுக்காதீர்கள்.

காட்டுதல்

இணையத்தில் போடுவதற்கு முன் ஊரில் காட்டுங்கள். சனசமூக நிலையத்தின் வெள்ளைச் சுவரே திரை, அல்லது ஒரு வேட்டி. ஒளிவீச்சுக் கருவி பாடசாலையில் இரவலாகக் கிடைக்கும். பிறகு விழாக்களுக்கு அனுப்பலாம். 2015இல் தொடங்கிய யாழ்ப்பாணச் சர்வதேசத் திரைப்பட விழா நமக்குப் பக்கத்திலேயே இருக்கிறது.

90 வினாடிப் படத்தை இரண்டு தடவை ஓட்டுங்கள். இரண்டுக்கும் நடுவே விளக்கைப் போட்டு, படத்தில் வந்த பொருட்களை அதே மேசையில் வையுங்கள்: போத்தல், கழுவிய கோப்பைகள், விரிந்த பிஸ்கட் உறை, பன்னிரண்டு நசுங்கிய போத்தல்கள். முதியவர்கள் போத்தலைத் தூக்கிப் பார்த்துத் திரி எப்படிப் போட்டோம் என்று சொல்லத் தொடங்குவார்கள், அதைப் பதிவு செய்ய ஒருவரை நிறுத்துங்கள். பிள்ளைகள் மூடிகளை நகர்த்தத் தொடங்குவார்கள். அதற்கு முன்பே கைபேசியைப் பலகையில் பொருத்தி, வெளிச்சத்தைப் பூட்டி, மேசைக்கு மேலே தயாராக வைத்திருங்கள். இரண்டாவது படத்தின் முதல் பத்து பிரேம்கள் அங்கேயே எடுபட்டுவிடும்.